பூஜ்யங்களுக்கும் இடம் வேண்டும்

போனில் இடம் தீர்ந்துவிட்டது என்று அறிவிப்பு வந்ததும் நாம் செய்வது இரண்டு காரியம். வேண்டாததை டெலிட் செய்கிறோம். வேண்டியதை ஜிப் செய்து பார்க்கிறோம். இரண்டுமே சில சமயம் காலை வாரும். நூற்றுக்கணக்கில் கோப்புகளை அழித்த பிறகும் காலியிடம் அப்படியே நிற்கும். முந்நூறு புகைப்படங்களை ஜிப் செய்தால், கிடைப்பது ஏறக்குறைய பழைய அளவிலேயே இருக்கும். அதே ஜிப், ஒரு நீளமான எழுத்துக் கோப்பைக் கால்வாசியாக்கிவிடும். ஒன்று இளைக்கிறது, இன்னொன்று இளைக்க மறுக்கிறது. ஏன்?

இதை அலசப் போனைவிட வசதியான கருவி ஒன்று உண்டு: சோனியின் பிஎஸ்பி. 2004 டிசம்பரில் ஜப்பானில் வந்த கையடக்க கேம் கருவி. கடைகளிலிருந்து மறைந்து பல வருடங்களாகிவிட்டன. ஆனால் அதை மாட் செய்து, அதாவது ரசிகர்கள் எழுதிய மாற்று இயக்க மென்பொருளை ஏற்றி, இன்றும் விளையாடுகிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களுடைய தீராத தலைவலி மெமரி கார்டில் இடம். போன் நமக்குக் காட்டாமல் மூடி வைத்திருக்கும் விஷயங்கள் எல்லாம் அங்கே வெட்டவெளியில் கிடக்கின்றன.

வட்டிலிருந்து அட்டைக்கு

பிஎஸ்பி விளையாட்டுகள் யூஎம்டி என்ற குட்டி வட்டில் வந்தன. 60 மில்லிமீட்டர் விட்டம், சுற்றிலும் பிளாஸ்டிக் உறை. ஓரடுக்கு வட்டில் 900 எம்பி, ஈரடுக்கில் 1.8 ஜிபி கொள்ளும். 2005இல் வட அமெரிக்காவில் கருவியோடு பெட்டியில் வைத்துக் கொடுத்த மெமரி ஸ்டிக்கின் கொள்ளளவோ வெறும் 32 எம்பி. விளையாட்டு வட்டில் இருக்கும், எதுவரை ஆடினோம் என்ற சேவ் குறிப்பு மட்டும் அட்டையில் இருக்கும் என்பது சோனியின் ஏற்பாடு.

அந்த ஏற்பாட்டை ரசிகர்கள் மாற்றினார்கள். வட்டில் உள்ளதை முதல் பைட்டிலிருந்து கடைசி பைட் வரை ஒரே கோப்பாக நகலெடுத்து, அட்டையிலிருந்தே ஓட்டினார்கள். இந்த நகலுக்கு ஐஎஸ்ஓ என்று பெயர். நாம் வட்டுப்படி என்போம். (தான் வாங்கிய வட்டைத் தானே நகலெடுத்துக்கொள்கிறவரைப் பற்றித்தான் இங்கே பேச்சு. திருட்டுப் பிரதி இறக்குகிறவருக்கும் இடக்கணக்கு இதேதான். அவருக்கு வேறு கணக்கு ஒன்றும் உண்டு.)

பழைய மெமரி ஸ்டிக்குகள் விலை கூடியவை. அதனால் மைக்ரோ எஸ்டி அட்டையைச் செருகிக்கொள்ளும் அடாப்டர்தான் இப்போது வழக்கம். 32 ஜிபி என்று அச்சிட்ட அட்டையை விண்டோஸ் கணினியில் போட்டால் 29.8 என்று காட்டும். இதில் ஏமாற்று எதுவும் இல்லை. விற்பவர் ஒரு ஜிபி என்றால் 100 கோடி பைட் என்கிறார். விண்டோஸ் 107 கோடியே 37 லட்சத்துச் சொச்சம் என்கிறது. அவருடைய 3,200 கோடி பைட்டை இதனுடைய ஜிபியால் வகுத்தால் 29.8 வரும். அளவுகோல் மாறியதால் எண் மாறியது. இதற்கு மேல் இதைப் பற்றிக் கவலைப்பட ஒன்றுமில்லை.

கவலைப்பட வேண்டியது வேறு. இரண்டு வட்டுப்படிகள் இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். இரண்டும் 800 எம்பி. பிஎஸ்பிக்காரர்கள் பயன்படுத்தும் சிஎஸ்ஓ என்ற வடிவத்துக்கு இரண்டையும் சுருக்குகிறோம். ஒன்று 554 எம்பிக்கு இறங்குகிறது. மற்றது 770இல் நின்றுவிடுகிறது. கருவி ஒன்று, சுருக்கும் முறை ஒன்று, ஆரம்ப அளவும் ஒன்று. இந்தப் புதிருக்கு விடை காணும் முன், அட்டையில் இடம் என்பது எப்படிக் கணக்கு வைக்கப்படுகிறது என்று பார்த்துவிடுவோம்.

அழித்தும் அசையாத எண்

பிஎஸ்பியின் அட்டை ஃபேட் 32 என்ற முறையில் ஒழுங்குபடுத்தப்பட்டிருக்கும். இதன் மூதாதை 1977இல் மைக்ரோசாஃப்டில் மார்க் மெக்டொனால்ட் எழுதியது; 32 என்ற பின்னொட்டோடு இன்றைய வடிவம் வந்தது 1996இல். ஊர் நிலத்துக்குப் பட்டாப் பதிவேடு வைத்திருப்பது போன்ற ஏற்பாடு இது. அட்டை முழுவதும் சம அளவு மனைகளாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது. கணினிக்காரர்கள் கிளஸ்டர் என்பதைத்தான் மனை என்கிறேன். எந்த மனை காலி, ஒரு கோப்பின் அடுத்த மனை எங்கே என்பது அட்டையின் தொடக்கத்தில் உள்ள பதிவேட்டில் இருக்கும். 

ஒரு கோப்பை அழிக்கும்போது யாரும் மனைக்குப் போய் வீட்டை இடிப்பதில்லை. கோப்புப் பெயர்கள் தனியே எழுதப்பட்டிருக்கும் பட்டியலில், அந்தப் பெயரின் முதல் எழுத்து இருந்த இடத்தில் 'செல்லாது' என்று பொருள்படும் ஒரு குறி விழும். பதிவேட்டில் அந்த மனைகளுக்கு நேராகப் பூஜ்யம் எழுதப்படும். அவ்வளவுதான். உள்ளே இருந்த விவரம், வேறொரு கோப்பு வந்து மேலே எழுதும்வரை பெரும்பாலும் அங்கேயே கிடக்கும். 700 எம்பி வட்டுப்படி கண்மூடித் திறப்பதற்குள் அழிவதும், அழிந்த படங்களைச் சில மென்பொருள்களால் மீட்க முடிவதும் இதனால்தான்.

சரி, பதிவேட்டில் பூஜ்யம் எழுதியாயிற்று. காலியிடம் கூட வேண்டுமே? இங்கேதான் சில்லறைக் கோளாறுகள் நுழைகின்றன. அழிப்பவர் ஆப்பிள் கணினியில் இருந்தால், கோப்பு உண்மையில் அழிவதே இல்லை, அட்டையிலேயே '.டிராஷஸ்' என்ற மறைந்த கோப்புறைக்கு இடம் மாறுகிறது. கணினியில் குப்பைத் தொட்டியைக் காலி செய்யும்வரை அது அட்டையை அடைத்துக்கொண்டுதான் இருக்கும். பிஎஸ்பியின் மெனுவில் அது தெரியாது. இன்னொன்று: காலி மனைகளை ஒவ்வொரு தடவையும் எண்ணிக்கொண்டிருக்க நேரமாகும் என்பதால், ஃபேட் 32 மொத்தக் காலியின் எண்ணிக்கையை ஒரு மூலையில் தனியாகக் குறித்து வைக்கிறது. அட்டையைத் திடீரென்று பிடுங்கினால் இந்தக் குறிப்பு பழையதாகவே நின்றுவிடலாம். மூன்றாவது வகை இன்னும் விசித்திரம். ஒரு கோப்பு எழுதப்பட்டுக்கொண்டிருக்கும்போது பேட்டரி போய்விட்டால், மனைகள் ஒதுக்கப்பட்டிருக்கும், ஆனால் உரிமையாளர் பெயர் எங்கும் இருக்காது. இந்த அநாதை மனைகளை விண்டோஸின் பிழை திருத்தும் வசதி தேடிப் பிடித்து, எண்களைப் பெயராகக் கொண்ட கோப்புகளாக ஒப்படைக்கும். பிறகு அவற்றை அழிக்கலாம்.

இந்த மூன்றையும் சரிபார்ப்பதற்கு முன்பே பலர் தங்களுக்குப் பிடித்த விளையாட்டை அழித்துவிடுகிறார்கள். அவசரம்.

ஒரு பைட்டுக்கு ஒரு மனை

மனையைப் பாதியாக விற்க முடியாது என்பது ஃபேட் முறையின் கறாரான விதி. 32 ஜிபி அட்டையில் மனையின் அளவு வழக்கமாக 32 கேபி. ஒரே ஒரு பைட் உள்ள கோப்புக்கும் முழு 32 கேபி போய்விடும்.

பிஎஸ்பியில் ஒவ்வொரு சேவும் தனிக் கோப்புறை. அதனுள் விவரக் குறிப்பு ஒன்று, சின்னப் படம் ஒன்று, பின்னணிப் படம் ஒன்று, விளையாட்டின் நிலை ஒன்று என்று நான்கைந்து கோப்புகள். நான்கு என்றே கொள்வோம். கோப்புறைக்கும் ஒரு மனை உண்டு. ஆக ஐந்து மனை, 160 கேபி. உள்ளே உள்ள உண்மையான சரக்கு இதில் பாதிகூட இல்லாமல் போகலாம். 200 சேவ்களை மனமில்லாமல் அழித்தால் கிடைப்பது 31 எம்பி. நம் 800 எம்பி விளையாட்டில் இருபத்தைந்தில் ஒரு பங்கு. அழித்தும் எண் அசையவில்லை என்று தோன்றுவதில் இதற்கும் பங்கிருக்கிறது.

எதிர்த் திசையிலும் இதே விதி வேலை செய்யும். எமுலேட்டர்களுக்கான, அதாவது வேறொரு கருவியைப் போலவே நடிக்கும் மென்பொருள்களுக்கான, பழைய விளையாட்டுகள் போன்ற பொடிக் கோப்புகள் 20,000 இருந்தால், கோப்புக்குச் சராசரியாக அரை மனை வீண் என்று வைத்தாலே 300 எம்பிக்கு மேல் காற்றில் போகும். பல எமுலேட்டர்கள் ஜிப்பிலிருந்தே நேராகப் படிக்கும். அந்தப் பொடிக் கோப்புகளைச் சேர்த்துக் கட்டி வைப்பதில் சுருக்கத்தால் கிடைக்கும் லாபத்தோடு இந்தக் கழிவும் மிச்சமாகும்.

அப்படியானால் மனையைச் சின்னதாக வெட்டியிருக்கலாமே? 4 கேபியாக வெட்டினால் 32 ஜிபி அட்டையில் 78 லட்சத்துக்கு மேல் மனைகள் வரும். ஒவ்வொன்றுக்கும் பதிவேட்டில் 4 பைட் வேண்டும். பதிவேடு மட்டும் ஏறக்குறைய 30 எம்பி! முதல் பிஎஸ்பியின் மொத்த நினைவகமே 32 எம்பிதான். பதிவேட்டைக் கையில் வைத்துக்கொண்டால் விளையாட இடமிருக்காது. வைத்துக்கொள்ளாவிட்டால் ஒவ்வொரு தடவையும் அட்டைக்கு ஓட வேண்டும். 32 கேபி மனை என்றால் பதிவேடு 4 எம்பியோடு முடிகிறது. வீணாகும் இடம், வேகத்துக்குக் கொடுத்த விலை. இந்தப் பேரம் இனி வரும் பக்கங்களிலும் வேறு வேறு வேடத்தில் வரப்போகிறது.

திரும்ப வருவதில்தான் லாபம்

இனி சுருக்கம். நம் சுருக்கம், ஒரு பைட்கூட மாறாமல் திரும்பக் கிடைக்க வேண்டிய வகை; இழப்பற்ற சுருக்கம் என்பார்கள். விளையாட்டின் நிரலில் ஒரு பைட் பிசகினாலும் கருவி உறைந்து நின்றுவிடும்.

'காஞ்சிபுரம் பேருந்து நிலையம், விழுப்புரம் பேருந்து நிலையம்' என்று எழுத வேண்டியிருக்கிறது. இரண்டாவது தடவை 'புரம் பேருந்து நிலையம்' என்பதை முழுதாக எழுதுவானேன்? 'இத்தனை எழுத்து பின்னால் போ, அங்கிருந்து இத்தனை எழுத்தை எடுத்துக்கொள்' என்று இரண்டு எண்களைக் கொடுத்தால் போதும். 1977இல் ஆபிரகாம் லெம்பெல், ஜேக்கப் சிவ் என்ற இரண்டு இஸ்ரேலிய அறிஞர்கள் வெளியிட்ட முறையின் சாரம் இதுதான். இதற்கும் கால் நூற்றாண்டு முன்னால், 1952இல், டேவிட் ஹஃப்மன் இன்னொரு வழி சொல்லியிருந்தார்: அடிக்கடி வரும் எழுத்துக்குக் குட்டைக் குறி, எப்போதாவது வருவதற்கு நெட்டைக் குறி. எம்ஐடியில் மாணவராக இருந்தபோது ஒரு பாடத்துக்காக எழுதிய கட்டுரையில் அவர் கண்டுபிடித்தது அது. இரண்டையும் இணைத்து ஃபில் காட்ஸ் 1990களின் தொடக்கத்தில் டிஃப்லேட் என்ற முறையை உருவாக்கினார். ஜிப் கோப்பின் உள்ளே இருப்பது அது. சிஎஸ்ஓவின் உள்ளே இருப்பதும் அதே.

இந்த முறைக்குத் தீனி, திரும்ப வருவது. திரும்ப வராததைக் கொடுத்தால் அது கைவிரித்துவிடும். புகைப்படங்கள் இளைக்காததன் காரணம் இங்கே இருக்கிறது: ஜேபெக் படம் ஏற்கெனவே சுருக்கப்பட்டது. திரும்ப வருவதையெல்லாம் கேமராவே உறிஞ்சி எடுத்துவிட்டது. மிச்சமிருப்பது ஒழுங்கே தெரியாத எண்கூட்டம்.

'இன்னும் நல்ல முறை வந்தால் இதையும் சுருக்கலாமே?' என்று கேட்பவர்கள் உண்டு. எல்லாவற்றையும் சுருக்கும் முறை எந்தக் காலத்திலும் வராது. இதற்கு விரல் விட்டு எண்ணும் நிரூபணமே போதும். பூஜ்யமும் ஒன்றும் மட்டும் வைத்து மூன்று இலக்கத்தில் எழுதக்கூடியவை எட்டு. அவற்றைவிடக் குட்டையானவை: இரண்டு இலக்கத்தில் நான்கு, ஓர் இலக்கத்தில் இரண்டு, மொத்தம் ஆறு. எதுவுமே எழுதாமல் விடுவதையும் ஒன்றாகச் சேர்த்தால் ஏழு. எட்டுப் பேருக்கு ஏழு இருக்கை. இரண்டு பேர் ஒரே இருக்கையில் உட்கார்ந்தால், விரிக்கும்போது யார் எவர் என்று தெரியாது. மூன்று இலக்கத்துக்குப் பதில் மூன்று கோடி இலக்கம் வைத்தாலும் இருக்கை பற்றாமல்தான் போகும். ஒரு முறை சிலவற்றை இளைக்க வைக்கிறது என்றால், வேறு சிலவற்றை அது இளைக்க வைக்காது, அல்லது சற்றே பருக்க வைக்கும்.

ஏன் துண்டு துண்டாக?

வட்டுப்படியை அப்படியே ஜிப் செய்து அட்டையில் போட்டு ஓட்ட முடியாதா? முடியாது. விளையாட்டு தொடக்கத்திலிருந்து வரிசையாகப் படிப்பதில்லை. நீங்கள் ஒரு கதவைத் திறந்ததும், வட்டின் நடுவில் எங்கோ இருக்கும் அறையின் படத்தைக் கேட்கும். 'இத்தனை எழுத்து பின்னால் போ' என்று சொல்லும் முறையில், நடுவிலிருந்து விரிக்கத் தொடங்க வழியில்லை. முதலிலிருந்து 400 எம்பியை விரித்துக்கொண்டு வர வேண்டும். கதவு திறப்பதற்குள் நீங்கள் காபி குடித்துவிட்டு வரலாம்.

சிஎஸ்ஓ இதை எளிமையாகத் தீர்த்தது. வட்டில் விவரம் ஏற்கெனவே 2,048 பைட் துண்டுகளாகத்தான் இருக்கிறது. ஒவ்வொரு துண்டையும் தனித்தனியாகச் சுருக்கு. எந்தத் துண்டு எங்கே தொடங்குகிறது என்று முன்னால் ஓர் அட்டவணை வை. 3,00,000ஆம் துண்டு வேண்டுமா? அட்டவணையில் அந்த எண்ணையும் அடுத்த எண்ணையும் பார். முதலாவது, தொடங்கும் இடத்தைச் சொல்லும். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம், சுருக்கிய நீளத்தைச் சொல்லும். அதை மட்டும் எடுத்து விரித்தால் போதும்.

அட்டவணையில் ஒவ்வொரு பதிவும் 4 பைட், அதாவது 32 இலக்கம். இதில் முதல் இலக்கம் 'இந்தத் துண்டு சுருக்கப்படவில்லை, அப்படியே எடுத்துக்கொள்' என்று சொல்வதற்கு ஒதுக்கப்பட்டிருக்கிறது. இளைக்க மறுக்கும் துண்டைப் பருக்கவிடாமல் காப்பது அந்த ஓர் இலக்கம்தான். மீதி 31 இலக்கத்தால் 2 ஜிபி வரை சுட்டிக்காட்ட முடியும். யூஎம்டியின் உச்சம் 1.8 ஜிபி என்பதால் கச்சிதமாக அடங்கிவிட்டது.

ஆனால் துண்டாக்கியதற்கு விலை உண்டு. டிஃப்லேட் முறை 32,768 பைட் வரை பின்னால் திரும்பிப் பார்த்து ஒற்றுமை தேடும் வல்லமை உள்ளது. 2,048 பைட் துண்டுக்குள் அடைத்துவிட்டால் அதன் பார்வை பதினாறில் ஒரு பங்காகக் குறுகிவிடுகிறது. ஒவ்வொரு துண்டிலும் ஒன்றுமே தெரியாத நிலையிலிருந்து தொடங்க வேண்டும். பிஎஸ்பி மாட் உலகில் பெயர்பெற்ற, டார்க் அலெக்ஸ் என்ற புனைபெயரில் இயங்கிய நிரலாளர் உருவாக்கிய டாக்ஸ் என்ற வடிவம் துண்டை 8,192 பைட்டாக வைத்தது. அதில் கொஞ்சம் கூடுதலாக இளைக்கும். ஆனால் 2,048 பைட் கேட்டாலும் 8,192ஐ விரித்தாக வேண்டும். நிலைத்தது சிஎஸ்ஓதான். போனில் பிஎஸ்பி விளையாட்டுகளை ஓட்டும் பிபிஎஸ்எஸ்பிபி செயலியும் அதைப் படிக்கிறது.

800 எம்பியைப் பிரித்துப் பார்த்தால்

இப்போது நம் முதல் விளையாட்டைத் திறப்போம். எண்கள் கணக்குக்காக நான் வைத்தவை. உள்ளே இருக்கும் சரக்கின் வகைகள் உண்மையானவை.

நடுநடுவே வரும் காணொளிகள் 250 எம்பி. இசையும் குரலும் 150. படங்கள், உருவங்கள், வரைபடங்கள் 200. நிரல் 10. இயக்க மென்பொருள் புதுப்பிப்பு 20. கடைசியாக, வெறும் பூஜ்யங்கள் 170. கூட்டினால் 800.

பூஜ்யங்களா? ஆமாம். வட்டில் எந்தக் கோப்பு எந்த இடத்தில் உட்கார வேண்டும் என்று தயாரிப்பாளர்கள் திட்டமிடுவார்கள். இடைவெளியை நிரப்ப அர்த்தமில்லாத கோப்பு ஒன்றை வைப்பார்கள். வட்டு எப்படியும் 900 எம்பி கொள்ளும், அதில் பாதியை நிரப்பினாலும் முழுதாக நிரப்பினாலும் அச்சடிக்கும் செலவில் மாற்றமில்லை. அவர்களுக்கு இலவசமாகக் கிடைத்த இடம், அட்டைக்கு வரும்போது நம் தலையில் விழுகிறது.

சுருக்குவோம். காணொளியும் ஒலியும் ஏற்கெனவே சுருக்கப்பட்டவை: 400 எம்பி அப்படியே நிற்கும். நிரலும் புதுப்பிப்பும் சோனி பூட்டி வைத்த, மறையாக்கம் செய்த கோப்புகள். நல்ல மறையாக்கம் என்றாலே அதன் வெளித்தோற்றத்தில் எந்த ஒழுங்கும் தெரியக் கூடாது. ஒழுங்கு இல்லையென்றால் சுருக்கமும் இல்லை. ஆக இன்னொரு 30 எம்பி அப்படியே. படங்களும் உருவங்களும் 200இலிருந்து 120க்கு இறங்கட்டும். பூஜ்யங்கள்? 2,048 பூஜ்யங்களை டிஃப்லேட் 20 பைட்டுக்குள் சொல்லிவிடும். 170 எம்பியில் 87,040 துண்டுகள். எல்லாம் சேர்ந்து 2 எம்பிக்குள் அடங்கும். இதோடு அட்டவணை: 800 எம்பியில் 4,09,600 துண்டுகள், ஒன்றுக்கு 4 பைட், சுமார் 1.6 எம்பி.

கூட்டுங்கள்: 430, 120, 2, 1.6. ஏறக்குறைய 554 எம்பி. மிச்சம் 246. அதில் 168 எம்பி வந்தது பூஜ்யங்களிலிருந்து. மூன்றில் இரண்டு பங்கு மிச்சம், ஒன்றுமே இல்லாததைச் சுருக்கியதில் கிடைத்தது!

இரண்டாவது விளையாட்டு, வட்டைக் காணொளியால் நிரப்பியிருக்கிறது. காணொளி 500, ஒலி 200, நிரலும் புதுப்பிப்பும் 20, படங்கள் 80. பூஜ்யம் இல்லை. 720 அப்படியே நிற்க, 80 மட்டும் 48ஆக இறங்குகிறது. அட்டவணையோடு 770. இதைச் சுருக்கியதில் கிடைத்த 30 எம்பிக்காக, கருவி ஒவ்வொரு துண்டுக்கும் அட்டவணையைப் புரட்ட வேண்டியிருக்கிறது. என்னைக் கேட்டால், இந்த இரண்டாவது விளையாட்டைச் சுருக்காமல் விட்டுவிடுவதே மேல்.

காலாவதியான செலவுகள்

சுருக்கம் தொடாத இடத்திலும் மிச்சம் பிடிக்கலாம். அதற்கு ஒரு கேள்வி போதும்: இந்த இடத்தை அன்று எதற்காகச் செலவழித்தார்கள், அந்தக் காரணம் இன்றும் இருக்கிறதா?

புதுப்பிப்புக் கோப்புறையை எடுத்துக்கொள்ளுங்கள். புதிய விளையாட்டுக்குப் புதிய இயக்க மென்பொருள் தேவைப்படும், எல்லோரிடமும் இணையம் இருக்காது என்பதால் வட்டிலேயே அதைச் சேர்த்துக் கொடுத்தார்கள். மாட் செய்த கருவியில் அதை யாரும் நிறுவப்போவதில்லை. நிறுவினால் மாட் போய்விடவும் கூடும். 20 எம்பி மிச்சம்.

டேட்டா இன்ஸ்டால் அதைவிட ருசிகரம். யூஎம்டியிலிருந்து விவரம் வரும் வேகம் அதிகபட்சம் நொடிக்கு 11 மெகாபிட், அதாவது ஒன்றேகால் எம்பி சொச்சம். லேசர் முனை நகரும் நேரம் தனி. 'மான்ஸ்டர் ஹன்டர் ஃப்ரீடம் யுனைட்' போன்ற விளையாட்டுகள் காத்திருப்பைக் குறைக்க, வட்டின் ஒரு பகுதியை மெமரி ஸ்டிக்கில் நூற்றுக்கணக்கான எம்பி அளவுக்கு நகலெடுத்து வைக்கும் வசதி கொடுத்தன. இடம் கொடுத்து நேரம் வாங்கும் நல்ல வியாபாரம். ஆனால் விளையாட்டே அட்டையில் இருக்கும்போது, அட்டையிலிருந்து படிப்பதை வேகமாக்க அட்டையிலேயே இன்னொரு நகல் எதற்கு? மாட் செய்த பிறகும் அந்த நகலை அழிக்காமல் வைத்திருப்பவர்கள் பலர்.

வட்டு விளையாட்டுகளில் ஒரே கோப்பை இரண்டு மூன்று இடங்களில் வைக்கும் பழக்கமும் உண்டு. லேசர் முனை எங்கிருந்தாலும் பக்கத்திலேயே ஒன்று கிடைக்கட்டும் என்று. அட்டையில் நகரும் முனை கிடையாது, எங்கிருந்து எடுத்தாலும் ஏறக்குறைய ஒரே நேரம்தான். ஆனாலும் இந்த இரட்டைகளைச் சிஎஸ்ஓவால் கண்டுபிடிக்க முடியாது. ஒவ்வொரு துண்டும் தன் 2,048 பைட்டை மட்டும் பார்ப்பதால், 300 எம்பி தள்ளித் தன் இரட்டை இருப்பது அதற்குத் தெரியவே தெரியாது.

'அப்படியானால் வட்டுப்படியைத் திறந்து வேண்டாத கோப்புகளைத் தூக்கிவிடலாம்' என்று கிளம்பினால் ஒரு பொறி இருக்கிறது. பல பிஎஸ்பி விளையாட்டுகள் கோப்பைப் பெயர் சொல்லிக் கேட்பதில்லை; 'இத்தனையாவது துண்டிலிருந்து கொடு' என்று இட எண்ணைச் சொல்லிக் கேட்கின்றன. பெயர்ப் பட்டியலைத் தேடும் நேரம் மிச்சம் என்பதால் செய்த ஏற்பாடு. நடுவில் ஒரு கோப்பை எடுத்தால் பின்னால் உள்ளவை எல்லாம் முன்னே நகர்ந்துவிடும். விளையாட்டு பழைய எண்ணைச் சொல்லி வேறெதையோ வாங்கிக்கொண்டு உறைந்து நிற்கும். அனுபவசாலிகள் கோப்பை எடுப்பதில்லை. அதன் அளவைத் தொடாமல் உள்ளே பூஜ்யங்களை நிரப்பிவிட்டுச் சிஎஸ்ஓவாக மாற்றுகிறார்கள். இட எண்கள் மாறாது. பூஜ்யங்கள் ஒன்றுமில்லாமல் இளைத்துவிடும். நம் முதல் விளையாட்டு இதனால் 534 எம்பிக்கு இறங்குகிறது.

விலை? விரிக்கும் வேலை செயலியின் தலையில். பிஎஸ்பியின் செயலி உச்சத்தில் 333 மெகாஹெர்ட்ஸ். விளையாட்டையும் அதுதான் ஓட்டுகிறது. பெரும்பாலும் வித்தியாசம் தெரியாது. அட்டை, வட்டைவிட வேகமானது என்பதால் விரிக்கும் நேரத்தைச் சேர்த்தாலும் வட்டைவிடச் சீக்கிரம் வருவதுண்டு. காணொளி ஓடும்போதும், நொடிக்கு நொடி புதுக் காட்சியை ஏற்றும் விளையாட்டுகளிலும் சில சமயம் திக்கும். அதற்காகவே பின்னாளில் செட்எஸ்ஓ என்ற வடிவம் வந்தது. டிஃப்லேட்டுக்குப் பதில் எல்இசட் 4 என்ற முறை. அவ்வளவு இளைக்காது, ஆனால் மிக வேகமாக விரியும்.

குப்பைக்கும் ஒரு விதை

இடைவெளியை எல்லோரும் பூஜ்யத்தால் நிரப்பவில்லை. நின்டெண்டோவின் கேம்கியூப், வீ வட்டுகளில் காலியிடத்தை ஒழுங்கே தெரியாத எண்களால் நிரப்பினார்கள். பூஜ்யம் என்றால் 20 பைட்டில் சொல்லிவிடலாம். இதை ஜிப்பால் ஒரு பைட்கூடக் குறைக்க முடியாது. ரசிகர்கள் முதலில் செய்தது, நாம் மேலே பார்த்த அதே தந்திரம்: குப்பைக்கு மேல் பூஜ்யம் எழுதிச் சுருக்கினார்கள். விளையாட்டு நன்றாக ஓடும். ஆனால் அது இனி மூல வட்டின் துல்லிய நகல் அல்ல. பழைய விளையாட்டுகளைப் பாதுகாக்க நினைப்பவர்களுக்கு அது உறுத்தியது.

பிறகு அந்தக் குப்பை எப்படி உருவானது என்று கண்டுபிடித்தார்கள். அந்த எண்களைக் கணினி சும்மா கொட்டவில்லை. ஒரு சிறிய விதை எண்ணிலிருந்து, வகுத்த ஒரு விதிப்படி, ஒன்றன்பின் ஒன்றாக உண்டாக்கியது. அந்த விதி தெரிந்துவிட்டால் குப்பையைச் சேமிக்க வேண்டாம், விதையைச் சேமித்தால் போதும். இந்த விளையாட்டுகளை ஓட்டும் டால்ஃபின் எமுலேட்டரில் 2020இல் வந்த ஆர்விஇசட் வடிவம் அப்படித்தான் செய்கிறது. விதை 68 பைட். கிலோபைட் கிலோபைட்டாக நீளும் குப்பையை அதிலிருந்து, மூலத்தில் இருந்தபடியே, ஒரு பைட் பிசகாமல் மறுபடி உண்டாக்கிவிடும்.

ஜிப்புக்கு அது சுருங்காத எண்கூட்டம். விதி தெரிந்தவருக்கு 68 பைட். ஒன்றின் உண்மையான அளவு என்ன என்ற கேள்விக்கு 1960களில் ரஷ்யக் கணித மேதை ஆந்திரே கோல்மகோரவ் தந்த வரையறை இந்த இடத்துக்கு அச்சாகப் பொருந்தும்: அதை அப்படியே எழுதித் தரக்கூடிய மிகக் குட்டையான நிரலின் நீளம் எவ்வளவோ, அதுவே அதன் அளவு. நம் முதல் விளையாட்டின் 534 எம்பியை இதைவிடக் குட்டையாக எழுதும் நிரல் ஒன்று எங்காவது இருக்கலாம். ஆனால் எந்தக் கோப்பைக் கொடுத்தாலும் அதற்கான மிகக் குட்டையான நிரல் எது என்று தவறாமல் சொல்லிவிடும் ஒரு பொது முறையை யாராலும் எழுத முடியாது என்று கணிதத்தில் நிரூபித்திருக்கிறார்கள். எப்படி நிரூபித்தார்கள் என்பதற்கு அட்டையும் வட்டும் உதவாது. ஆலன் டூரிங் 1936இல் காகிதத்தில் கற்பனை செய்த இயந்திரம் ஒன்றிடம் போக வேண்டும்.